ஏரியில் நட்ட பவளக்கிளை

கிளிஞ்சல் வேகும் சுண்ணாம்புக் காளவாய்ப் புகை இன்று வீட்டுக்குள் வந்துவிட்டது. பழவேற்காடு டச்சுக்காரர்கள் கையில் இருந்தபோது, என் சின்ன வயதில், அம்மாவின் சேலையில் எப்போதும் இந்த நெடிதான் அடிக்கும். அவள் சுண்ணாம்பு சுட்டு விற்றவள்.

கோட்டை வைத்தியரிடம் கப்பலில் வந்த வெள்ளைப் பவளக்கிளை ஒன்று இருந்தது. பவளம் கடலுக்கடியில் வளரும் செடி, காற்றுப் பட்டதும் கல்லாகிவிடும் என்று அவர் ஏதோ பழைய புத்தகத்தில் படித்திருந்தார். மறுபடி துளிர்க்கிறதா பார்க்க, எங்கள் துறையருகே ஏரிச்சேற்றில் அதை நட்டுவைத்தார்.

சில மாதம் கழித்துப் பிடுங்கினால், கிளை முழுக்க ஆளிச்சிப்பி. வைத்தியர் ஒன்றைப் பிளந்தார். உள்ளே சதை சுருங்கியது.

"செடி இல்லே! பூச்சி! பவளத்தப் பூச்சிதான் கட்டுது!" என்று கத்தினார்.

"இன்னா தொர, அது ஏரி ஆளி. மூங்கிக்கொம்பு நட்டாலும் ஒட்டும்" என்றாள் அம்மா. அவர் காதில் விழவில்லை.

அந்த மழைக்காலத்திலேயே வைத்தியர் காய்ச்சல் கண்டு இறந்தார். நான் அழுததாக நினைவில்லை. கல்லறை கட்டச் சுண்ணாம்பு கேட்டார்கள். கிளிஞ்சல் போதவில்லை, அவர் விட்டுப்போய் எங்கள் வாசலில் கிடந்த பவளக்கிளையையும் அம்மா காளவாயில் போட்டாள்.

பட்டணத்தில் படிக்கும் என் மகன் புதிதாக ஒன்று சொல்கிறான். பவளத்தைக் கட்டுவது சிற்றுயிர்கள்தானாம். கடலடி தாழத்தாழ, செத்தவற்றின் கூட்டின்மேல் புதியவை கட்டிக்கொண்டு வெளிச்சத்துக்கு ஏறுமாம்.

அம்மா சொன்னதும் சரி. தப்பான சாட்சியை வைத்துக்கொண்டு வைத்தியர் சொன்னதும் சரி. அதை அவரிடம் சொல்ல வழியில்லை. அந்தக் கூட்டைச் சுட்டுப் பூசித்தான் அவரை மூடியிருக்கிறோம்.