மாமாட வள்ளத்தில அக்கா கோட்டுக்குப் போன நாள்

எங்கட அக்கா குறிஞ்சிப்பிட்டியில பிறந்தா, அங்கயே கலியாணம் முடிச்சா, அங்கயே மண்ணுக்குள்ள போனா. இடையில புத்தளத்துக்குப் போனது வழக்குக்கும், வருத்தம் வந்து ஆசுப்பத்திரிக்கும் மட்டுந்தான். அக்காட நினைவு மலருக்கு நல்ல தமிழில எழுதச் சொல்லிக் கோயில் சுவாமி சொன்னவர். நான் நல்ல தமிழில எழுதினா அக்காவே எழும்பி வந்து, "ஆரடா இந்த மனுசி?" எண்டு கேப்பா. அதால கதைக்கிற மாதிரியே எழுதுறன். பெரியாக்கள் பொறுத்துக்கொள்ளுங்க.

அத்தான் காய்ச்சலில போனபிறகு, அக்கா ரெண்டு பிள்ளையளையும் வச்சுக்கொண்டு மாமாட கிணத்தடித் தோட்டத்தில போயிலை நட்டா. மாமா எங்கட அம்மாட தம்பி, துறையில வள்ளம் ஓட்டுறவர். அந்தப் பக்கத்தில உப்புக் கரிக்காத கிணறு அது ஒண்டுதான். மாமாவுக்குப் புது வள்ளம் கட்ட வேண்டி வந்த நேரம் அக்கா தன்ட தாலிக்கொடியைக் கழட்டிக் குடுத்தா. மிச்சக் காசையும் குடுத்தாத் தோட்டத்தை அக்காட பேருக்கு எழுதித் தாறதெண்டு, காணி உறுதி எழுதுற நொத்தாரிசு முன்னால ரெண்டு பேரும் ஒப்பந்தம் எழுதிக் கையெழுத்துப் போட்டாங்க.

அக்கா மிச்சத்தைக் கொண்டு போகேக்க மாமா மாறிட்டார். புத்தளத்து முதலாளி ஒருத்தர் தோட்டத்துக்குக் கூடக் காசு தாறன் எண்டிருக்கிறார்.

"தாலிக்கொடிக் காசைத் திருப்பித் தாறன் பிள்ள. தோட்டத்தை மறந்திடு."

"காசை நட்டாப் போயிலை முளைக்குமா மாமா?" எண்டா அக்கா.

அதோட வழக்கு. அக்காவுக்கு வழக்குப் பேசின பிரக்கிராசியார் விளங்கப்படுத்தினார்: "வாயால சொன்ன சொல்லெண்டா ஒண்டும் செய்ய ஏலாது. நொத்தாரிசு முன்னால எழுதினபடியாக் காணியையே கேக்கலாம். ஆனா மிச்சக் காசோட ஆயத்தமா நிண்டனான் எண்டு நீங்களே கோட்டில வந்து சொல்லவேணும். ஒருக்காத் தவணை தந்தாச்சு. இந்த முறை வராட்டி வழக்குத் தள்ளுபடி."

புத்தளத்துக்குக் களப்பைத் தாண்டி வள்ளத்திலதான் போகவேணும். வழக்கு நாளண்டைக்குப் பாத்து மத்த வள்ளமெல்லாம் மீன் தொழிலுக்குப் போயிட்டுது. மிஞ்சினது மாமாட வள்ளம். வழக்குக்காரியும் எதிராளியும் ஒண்டா ஏறினாங்க. கூலி குடுத்ததும் அக்காதான். "உங்களோட வழக்காடப் போற ஆக்களுக்குக் கூலியில கழிவு இல்லையா மாமா?" எண்டு கேட்டன். மாமா காசை எண்ணி மடியில செருகினார்.

நடுக் களப்பில மாமா பாயை இறக்கினார்.

"காத்து இல்ல."

காத்து இல்லையாம்! கருவாடு விக்கிற செய்னம்பு ராத்தா எங்களோட வந்தவ. காத்து அவட முக்காட்டைப் பறிச்சுக்கொண்டு போகப் பாக்குது. கூடையைப் பிடிக்கிறதா முக்காட்டைப் பிடிக்கிறதா எண்டு அந்த மனுசி தடுமாறுது.

"காத்துக்குச் சம்மன் அனுப்பவேணுமா மாமா?" எண்டன்.

"வாயை மூடடா. இது என்ட வள்ளம்."

அப்பதான் எனக்கு விளங்கிச்சு. எங்களைப் போக விடாம இங்கயே வச்சிருந்தா வழக்கு விழும், தோட்டம் மாமாவோட நிக்கும். புத்தளத்துக் கூரையள் கண்ணுக்குத் தெரியுது. வெயில் ஏறுது. நான் வள்ளம் தள்ளுற கம்பை எடுத்து ஊண்டப் போனன். மாமா அதில காலை வச்சு மிதிச்சார். நான் இழுக்க வள்ளம் சரிஞ்சுது.

"தம்பி, விடு" எண்டா அக்கா. "மாமா, இவடத்தில எவ்வளவு ஆழம்?"

"நெஞ்சளவு" எண்டார் மாமா, யோசிக்காம.

அக்கா ஒப்பந்தத்தையும் காசையும் துணியில சுத்தித் தலையில கட்டிக்கொண்டு தண்ணியில இறங்கிட்டா. நீந்தத் தெரியாத மனுசி! புத்தளத்தைப் பாத்து நடக்கத் தொடங்கினா. நானும் குதிச்சன். சேறு என்ட காலைக் கவ்வுது, அக்கா எட்டப் போயிட்டா. தண்ணி அவட தோளுக்கு வந்திட்டுது.

செய்னம்பு ராத்தா எழும்பி நிண்டு மாமாவைப் பாத்துக் கத்தினா: "காக்கா, அங்கால ஆழ ஓடை இருக்கல்லோ! புள்ள மௌத்தாப் போனாத் தோட்டம் உங்களுக்குத்தான். பாயை இறக்கியே வைங்க!"

மாமாட முகத்தை நான் தண்ணிக்குள்ள நிண்டு பாத்தன். ஒரு கணம் அசைவே இல்ல. பிறகு பாயைப் பிடிச்சு இழுத்த இழுவையில கயிறு அவர்ட கையைக் கிழிச்சிட்டுது.

"நில்லடி! நில்லு! அங்கால ஆழம்!"

வள்ளத்தைக் கிட்டக் கொண்டுபோய் அக்காட கையில பிடிச்சு உள்ளுக்குத் தூக்கிப் போட்டார். பிறகு என்னையும் ஏத்தினார். அக்கா இருமி முடிச்சுக் கேட்ட முதல் கேள்வி: "காத்து வந்திட்டுதா மாமா?"

கோட்டில சாட்சிக் கூட்டில ஈரச் சீலையோட ஏறினா. ஏன் இந்தக் கோலம் எண்டு நீதிபதி கேட்டார். மாமா கீழ குனிஞ்சுகொண்டு நிக்கிறார். எனக்கு நாக்குத் துடிக்குது.

"வாற வழியில காத்து இல்லாமப் போச்சு ஐயா" எண்டா அக்கா.

தீர்ப்பு அக்கா பக்கம். மாமா உறுதி எழுதிக் குடுக்கவேணும், மறுத்தா அவருக்குப் பதிலாக் கோடே கையெழுத்துப் போடும் எண்டாங்க. "எனக்குக் கை இருக்கு" எண்டு சொல்லி மாமாவே போட்டார். ஆனா அதுக்குப் பிறகு அவர் அக்காவோட கதைக்கிறதில்ல. அக்கா தோட்டத்துப் படலையைப் பூட்டவேயில்ல. ஒவ்வொரு நாளும் மாமி குடத்தோட வந்து தண்ணி அள்ளிக்கொண்டு போவா. "கோட்டுத் தண்ணி இனிக்குதா மாமா?" எண்டு கேட்டு எத்தினை தரம் ஏச்சு வாங்கியிருப்பன்!

போன வருசம் அக்காவுக்குக் காய்ச்சல் வந்தது. புத்தளத்து ஆசுப்பத்திரியில எங்களை விட்டுப் போயிட்டா. ஆரும் கூப்பிடாம மாமா வள்ளத்தைக் கொண்டுவந்து அக்காட பெட்டியை ஏத்தினார். நடுக் களப்பில பாய் தொங்கிப் போச்சு. மாமா என்னைப் பாத்தார். நான் பெட்டியில கையை வச்சுக்கொண்டன். அவர் வள்ளக் கயிறைத் தோளில போட்டுக்கொண்டு தண்ணியில இறங்கினார். நானும் இறங்கப் போனன்.

"நீ இரு. அவளோட ஒராள் இருக்கவேணும்" எண்டார். கரை வரைக்கும் அந்த வயசான மனுசன் இழுத்துக்கொண்டே நடந்தார்.

பூசை வச்ச சுவாமிக்கும், ஓடிவந்து அழுத செய்னம்பு ராத்தாவுக்கும், பிள்ளையளைத் தன்ட பிள்ளையளாப் பாக்கிற மாமிக்கும், சமைச்சு, பெட்டி தூக்கி, பந்தல் போட்ட எல்லாருக்கும் எங்கட நன்றி.

மாமாவுக்கு நன்றி எண்டு எழுதினா என்னை அடிப்பார். அதால ஒண்டு மட்டும் சொல்லுறன் மாமா. அக்காவைப் பெட்டியில கொண்டுவந்த அண்டைக்கு உண்மையாவே காத்து இல்ல. எந்தக் கோட்டில கேட்டாலும் நான் சாட்சி.