மீரா சாகிப் பெயரில் ஒரு முதலை

சீலா மீனின் வாயை இரண்டு விரலால் பிளந்து பல்வரிசையைப் பார்த்த பிறகுதான் ஹஃப்ஸா விலை கேட்பார். காரைக்கால் மீன் கடையில் பின்னால் நிற்பவர்கள் முகம் சுளிப்பார்கள். பட்டினச்சேரியிலிருந்து கூடை கொண்டுவரும் பிரதீபாவுக்கு மட்டும் இது பழகிவிட்டது. "டீச்சர், அது பல்லு வலின்னு வரலை. வேணும்னா எடுங்க, இல்லாட்டி கீழ வைங்க" என்பாள். ஹஃப்ஸா சிரித்துக்கொண்டே அடுத்த மீனின் வாயைப் பிளப்பார்.

கல்லூரியில் விலங்கியல் நடத்துகிறார். எந்தப் பாடத்தை எடுத்தாலும் முதலைக்கு வந்துவிடுவார். அதுவும் உயிரோடு இருக்கிற முதலை இல்லை, கல்லாகிப் போன முதலை. எது எதற்கு உறவு என்று பிரித்து வைப்பதில் அவருக்குச் சோறு தண்ணி வேண்டாம். கல்யாணப் பந்தியில்கூடத் தாடையைப் பார்த்து யார் யாருக்குச் சொந்தம் என்று சொல்வார். பாதி தப்பாக இருக்கும். "அவங்க மாப்பிள்ளை வீட்டாளுங்க இல்லடி, சோறாக்க வந்தவங்க" என்று அவருடைய உம்மா ஆஸியா பீவி காதைக் கடிப்பார்.

அவரே பெயர் வைத்த முதலை ஒன்று உண்டு. அரியலூர்ப் பக்கம் ஒரு சுண்ணாம்புக்கல் சுரங்கத்தில் கிடைத்த குட்டைத் தாடையும் சில கழுத்தெலும்புகளும். முதலில் கண்டவர் வாப்பா மீரா சாகிப். கப்பல் வேலையை விட்டு வந்தவர், மகளுக்குத் துணையாகப் பஸ் ஏறி, வெயிலில் குடை பிடித்து நின்றார். "கல்லு பல்ல இளிக்குது, வந்து பாரு" என்றாராம். அவர் மவுத்தாகி மண்ணுக்குள் போன பிறகு, இது புதிய இனம் என்று கட்டுரை எழுதி, அதன் பெயரில் வாப்பாவை உட்காரவைத்தார் ஹஃப்ஸா. "இனி எந்த நாட்டுக்காரன் எழுதினாலும் எங்க வாப்பா பேரைச் சொல்லித்தான் ஆகணும்" என்று சொல்லும்போது முகம் சின்னப் பிள்ளையுடையதாகிவிடும்.

போன வருடம் அதே சுரங்கத்திலிருந்து நீள மூக்குள்ள பெரிய மண்டையோடு ஒன்று கல்லூரிக்கு வந்தது. ஏற்கெனவே பெயர் உள்ள இனம். பற்களோ வாப்பாவின் முதலையை உரித்து வைத்தாற்போல் இருந்தன. வாப்பாவுடையது இதன் குட்டிதானோ என்று ஹஃப்ஸாவுக்குச் சந்தேகம் வந்தது. குட்டி முதலைக்கு மூக்கு குட்டை. வளர வளரத்தான் நீளும். கழுத்தெலும்பின் இரண்டு துண்டுகள் ஒட்டுகிற இணைப்புக் கோடு மறைந்திருந்தால்தான் அது வளர்ந்த முதலை. கோடு இல்லை என்று நம்பித்தான் அவர் புதிய இனம் என்று எழுதியிருந்தார்.

ஆனால் அந்த எலும்பை அவர் முழுதாகச் சுத்தம் செய்ததே இல்லை. மற்றவற்றை அமிலத்தில் ஊறப்போடுபவர், வாப்பா தம் துண்டில் சுற்றி மடியில் வைத்துக் கொண்டுவந்தது என்று இதை மட்டும் தூரிகையால் தடவி விட்டுவிட்டார். இப்போது சுண்ணாம்புப் பொருக்கைக் கரைத்ததும் கோடு பளிச்சென்று தெரிந்தது. புதிய இனம் இல்லை. அந்தப் பெரிய முதலையின் இனத்துக் குட்டி.

உம்மாவிடம்தான் முதலில் சொன்னார்.

"அப்ப வாப்பா பேரு போயிடுமா?"

"முதல்ல வச்ச பேருதான் நிக்கும். நம்ம பேரு கீழ ஒரு ஓரமா கிடக்கும் உம்மா."

"யாரும் கேக்கலையே. நீ ஏன் வலியப் போய் வாயைக் கொடுக்குற?"

"அது அந்த வீட்டுப் புள்ள உம்மா. நான்தான் தெரியாம தனியா வச்சுட்டேன்."

ஆஸியா பீவி எழுந்து அடுப்படிக்குப் போய்விட்டார்.

தம் முடிவு தவறு என்று தாமே ஆய்விதழுக்கு எழுதி அனுப்பிய மறுநாள், ஹஃப்ஸா கல்லூரி அலமாரியைத் திறந்தார். அட்டையில் பெயரை மாற்றி எழுதும்போது அழுகை வந்தது, அழுதுகொண்டே எழுதினார். பெரிய மண்டையோட்டைக் கொஞ்சம் நகர்த்தி, பக்கத்தில் குட்டித் தாடையை வைத்தார். பெரியதின் மூக்கு இருந்த பக்கமே குட்டியின் மூக்கும் இருக்கும்படி, ஒரு விரலால் மெல்லத் திருப்பிவிட்டார்.