மாமா ருசி பார்த்த நண்டு

எங்கள் மாமா இந்த உலகத்தில் முழுதாக நம்பியது காவேரி ஒன்றைத்தான். அதையும், கிழக்கேதான் போகிறதா என்று தினம் காலையில் மோகனூர் படித்துறையில் நின்று பார்த்துவிட்டுத்தான் நம்புவார். மற்றபடி மனிதர், மாடு, ரயில்வே கடிகாரம், எல்லாமே அவருக்கு விசாரணைக் கைதிகள்.

சந்தையில் புண்ணாக்கு வாங்கும்போது அவரைப் பார்க்க வேண்டும். வியாபாரி குலதெய்வத்தின் மேல் ஆணையிட்டாலும் காதில் ஏறாது. மூட்டையை அவிழ்க்கச் சொல்வார். ஒரு துண்டைப் பிட்டு வாயில் போட்டுக் கண்ணை மூடி மெல்லுவார். பிறகு, "மண்ணு கலந்திருக்குதுங்க" என்பார், அல்லது ஒன்றும் சொல்லாமல் மூட்டையைக் கட்டச் சொல்வார். பருத்திக்கொட்டையும் தவிடும் அப்படியே. எங்கள் மாடுகள் தின்ற எதையும் மாமா முன்னதாகத் தின்றிருக்கிறார். சொல்லை நம்பக் கூடாது, நாக்கை நம்ப வேண்டும் என்பது அவர் கட்சி.

அப்பா காலமான பிறகு என் தங்கைக்கு மாப்பிள்ளை பார்க்கும் பொறுப்பு இந்த மனிதரிடம் வந்து சேர்ந்தது. முதல் வரன் தரையைப் பார்த்து நடந்தான், வேண்டாம் என்றார். இரண்டாமவன் நிமிர்ந்து நடந்தான், அதுவும் ஆகவில்லை. மூன்றாவது பையனிடம் குற்றமே அகப்படவில்லை. "இத்தன நல்லவன் எதுக்கு நம்ம ஊட்டுக்கு வாரான்?" என்று கேட்டு அவனையும் அனுப்பிவிட்டார். தங்கைக்கு இருபது தாண்டிக்கொண்டிருந்தது. அந்தக் காலத்தில் அது ஊரார் விசாரிக்கிற வயது.

நான்காவதாக வந்தவர் சிதம்பரத்துக்குக் கிழக்கே கடலோரத்தில் உப்பு ஆபீஸில் குமாஸ்தா. பூர்வீகம் நம்ம பரமத்திப் பக்கந்தான். தகப்பனார் உத்தியோகமாகப் போய் அங்கேயே தங்கிவிட்டார். இவரும் தாயாருமாக வந்து பெண்ணைப் பார்த்தார்கள். அன்று மாமா வாசலில் புதுப் புண்ணாக்கு மூட்டை ஒன்றை அவிழ்த்து வைத்துக்கொண்டு மென்றுகொண்டே அவர்களை வரவேற்றார். எனக்கு மானம் போயிற்று. உப்பு ஆபீஸ்காரர் மட்டும் அதைக் கச்சேரி கேட்பவர் போல உன்னிப்பாகப் பார்த்துக்கொண்டிருந்தார்.

பதிலுக்கு நாங்கள் போய் அவர்கள் வீட்டைப் பார்க்க வேண்டும். கிளம்புகிற காலை தங்கை என்னைத் தனியே அழைத்தாள்.

"ஏனுங்ண்ணா, எனக்கு அவியளப் புடிச்சிருக்குதுங்க. மாமன் வாயத் தொறக்கறதுக்கு முன்னால நீங்க கை நனைச்சுப் போடுங்க."

"மாமா என்னை ஆத்துல முக்கிப்போடுவாரு."

"முக்கட்டுமுங்க. இதுவும் தட்டிப் போச்சுன்னா, அடுத்தாப்ல எவன் பார்க்க வந்தாலும் நான் தண்ணிச் சொம்பு எடுத்துட்டு வர மாட்டேன். இப்பவே சொல்லிட்டேன்."

எங்கள் பக்கத்து முறை தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். சம்பந்தம் பார்க்கப் போன இடத்தில் தண்ணீர் குடிக்கலாம். ஆனால் அவர்கள் வீட்டுச் சோற்றில் கை நனைத்தால் சம்மதம் என்று பொருள். அப்புறம் பின்வாங்கினால் பெண்ணுக்குத்தான் பேர் கெடும். ஆகவே தங்கை கேட்டது சாதாரண உதவி. ஒரு வேளைச் சாப்பாடு. நானோ இன்டர்மீடியட் பரீட்சையை இரண்டு தரம் எழுதி, துப்பறியும் நாவல்களை அதைவிட அதிக தரம் படித்து, எதிலும் ஒரு சதியை எதிர்பார்க்கிற பக்குவத்தில் இருந்தவன். மாமாவுக்கு ஏற்ற மருமகன்.

சூரமங்கலத்தில் ரயிலேறி, வாழப்பாடி ஆத்தூர் வழியாகப் போய், விருத்தாசலத்திலும் கடலூரிலும் வண்டி மாறினோம். ஒவ்வொரு முறையும் மாமா, "இது அந்த வண்டிதானுங்களா?" என்று மூன்று பேரிடம் கேட்டு, மூவரும் ஒரே பதிலைச் சொன்னதால் சந்தேகப்பட்டார்.

ஸ்டேஷனில் உப்பு ஆபீஸ்காரர் குடையுடன் நின்றிருந்தார். "வாங்க மாமா."

"யாரு யாருக்கு மாமாங்க? இன்னம் ஒண்ணும் ஆகலையே."

"சரிங்க மாமா" என்றார் அவர்.

வீட்டைப் பார்த்தோம். சுவரைத் தட்டினார் மாமா. கிணற்றை எட்டிப் பார்த்தார். அண்டை வீட்டாரிடம் பேச்சுக் கொடுத்தார். தாயார் முறை தெரிந்தவர். தண்ணீர்ச் சொம்பு மட்டும் கொண்டு வந்து வைத்தார். சொல்லும்படி ஒரு குறையும் இல்லை. மாமாவின் முகம் வாடிவிட்டது.

"எதையோ மறைக்கறாங்க, சாமி" என்றார் என்னிடம். "கடக்கரையில பொண்ணுக்கா பஞ்சம்? அத்தன தூரம் எதுக்கு வந்தான்?"

எனக்கும் அந்தக் கேள்வி நியாயமாகத்தான் பட்டது. நான் படித்த நாவல்களில் கடற்கரையில் தனியாக வசிக்கும் எந்தக் கனவானும் யோக்கியனாக இருந்ததில்லை.

வண்டிக்கு நேரம் கிடந்தது. "ஒருக்கா தோணியில போயி அலையாத்திக் காட்டப் பார்த்துட்டு வந்துரலாமுங்க" என்றார் உப்பு ஆபீஸ்காரர். தாயார் மூடிய பாத்திரங்கள் சிலவற்றைத் தோணியில் வைக்கச் செய்தார். "பையன் மத்தியானத்துக்கு அங்கயே சாப்பிட்டுக்குவானுங்க. உங்களுக்குக் கட்டாயமில்லீங்க."

கட்டாயமில்லை என்ற சொல்லை மாமா வழி நெடுக மென்று பார்த்தார்.

தோணிக்காரர் வயதானவர், கழியை ஊன்றித் தள்ளினார். எங்கள் ஊர்ப் பரிசல் வட்டமானது. அதற்கு முன்னும் கிடையாது, பின்னும் கிடையாது, எனவே கள்ளமும் கிடையாது. இதற்கு இரண்டு பக்கமும் மூக்கு. மாமா நடுவில் உட்கார்ந்து இரண்டையும் கண்காணித்தார். தண்ணீர் கிழக்கே கடலைப் பார்த்துப் போய்க்கொண்டிருந்தது. அதில் கொஞ்சம் திருப்தி.

கால்வாய் குறுகிற்று. இரு பக்கமும் மரங்கள் வேரை வெளியே நீட்டிக்கொண்டு, முட்டிக்கால் போட்டு எழ முயல்பவை போல நின்றன. மாமா ஒரு கிளையைப் பிடிக்கப் போனார்.

"தொடாதீங்கய்யா, அது தில்லை மரம். பால் கண்ணுல பட்டா பார்வ பூடும்" என்றார் தோணிக்காரர்.

மாமா கையை மடியில் வைத்துக்கொண்டார். அப்போது சேற்றில் ஒரு மீன் நடந்தது. நடந்தது என்றுதான் எழுத வேண்டும். துடுப்பை ஊன்றி ஊன்றிப் போய் ஒரு வேரில் ஏறி உட்கார்ந்து எங்களைப் பார்த்தது.

மாமா என் காதருகே குனிந்தார். "மீனு நடக்கற ஊருல பொண்ணு குடுக்கலாமா?"

அவர் ரகசியம் பேசினால் அக்கரையில் கேட்கும். உப்பு ஆபீஸ்காரர் நாகரிகமாக ஒரு கொக்கைப் பார்த்தார்.

கொஞ்ச தூரத்தில் தோணி சேற்றில் தட்டி நின்றது. தோணிக்காரர் இரண்டு தரம் தள்ளிப் பார்த்துவிட்டுக் கழியைப் படுக்க வைத்தார். "தண்ணி வத்திப் போச்சுங்க. இனிமே ஓதம் ஏறுனாத்தான் நவுரும்."

"ஓதம்னா?"

"கடல் தண்ணி உள்ள வரும்ங்கய்யா. அதுவரைக்கும் குந்தியிருக்க வேண்டியதுதான்."

மாமா என்னைப் பார்த்தார். நான் மாமாவைப் பார்த்தேன். வாழ்நாளில் ஒரே தடவை நாங்கள் இருவரும் ஒரே விஷயத்தை ஒரே நேரத்தில் நினைத்தோம். சுற்றிலும் சேறு. நடுவில் பசியோடு நாங்கள். எதிரே மூடிய பாத்திரங்கள். என் நாவல்களில்கூட இவ்வளவு சுத்தமான பொறியை யாரும் வைத்ததில்லை.

உப்பு ஆபீஸ்காரர் மூடியைத் திறந்தார். நண்டுக் குழம்பு. இறால் வறுவல். தேங்காய் போட்டு வதக்கிய மட்டிச் சிப்பி. ஒரு குண்டான் நிறையச் சோறு. மிளகும் பூண்டுமாக ஒரு வாசனை எழும்பிற்று. காவேரிக் கெண்டையும் கெளுத்தியும் தின்று வளர்ந்த எங்களுக்கு அது புது வாசனை. ஆனால் பசிக்கு மொழிபெயர்ப்பு தேவைப்படவில்லை.

"கட்டாயமில்லீங்க மாமா" என்றபடி அவர் இரண்டு இலைகளைக் கூடுதலாக விரித்து ஆளுக்கொரு நண்டு வைத்தார்.

தங்கையின் சொல் நினைவுக்கு வந்தது. துணிந்து கையை நீட்டினேன். மாமா மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார். பிடிக்காவிட்டாலும் ஆபத்தில்லை. சின்ன வயதில் ஆற்று நண்டு ஒன்று என் கால்விரலைக் கவ்வியதிலிருந்து அந்த ஜாதியிடம் எனக்கு மரியாதை அதிகம். இலையில் கிடந்ததை எந்தப் பக்கம் திறப்பது என்றே தெரியவில்லை. தங்கையின் வாழ்வுக்கும் எனக்கும் நடுவே ஒரு ஓடுதான் இருந்தது, அதை உடைக்கக் கையாலாகவில்லை.

"இந்த நண்டு எப்பப் புடிச்சதுங்க?" என்று மாமா விசாரணையைத் தொடங்கினார்.

"இன்னைக்குக் காத்தாலதானுங்க" என்றார் உப்பு ஆபீஸ்காரர்.

"நேத்து ராவு வலையில வுழுந்ததுங்க" என்றார் தோணிக்காரர், அதே மூச்சில்.

மாமாவின் கண்கள் ஒளிர்ந்தன. காலையிலிருந்து அவர் தேடியலைந்த பொய் இதோ இரண்டு வாயிலிருந்து ஒன்றாக விழுந்திருக்கிறது. யாருடையது என்று கண்டுபிடிப்பதுதான் பாக்கி. கண்டுபிடிக்க அவருக்கு ஒரே வழிதான் தெரியும். ஒரு நண்டுக்காலை முறித்தார். கடைவாயில் வைத்துக் கடித்தார். கண்ணை மூடி மென்றார். போதாதென்று ஓட்டைப் பிளந்து சதையைக் கிள்ளி வாயில் போட்டு, குழம்பில் விரலைத் தோய்த்து நக்கினார்.

"ராத்திரி புடிச்சதுதான்" என்று தீர்ப்புச் சொன்னார். "ஆனா உசுரோட வெச்சிருந்து காத்தாலதான் சட்டியில போட்டிருக்குது. கெட்டுப் போகலை."

மாமா கண்ணைத் திறந்தார். விரல்களில் குழம்பு. மணிக்கட்டு வரை வழிந்திருந்தது.

"மாமா, கை நனைச்சுப் போட்டீங்க" என்றேன்.

"நான் எங்கடா நனைச்சேன்? ருசி பார்த்தேன். புண்ணாக்க ருசி பார்த்தா மூட்டைய வாங்கிட்டன்னு அர்த்தமா?"

"முழுங்கினீங்களா?"

"முழுங்காம அவிய மொகத்துலயா துப்பறது?"

உப்பு ஆபீஸ்காரர் குறுக்கிட்டார். "உடுங்க தம்பி. பெரியவரு சொல்றது சரிதானுங்க. இது ஊடு இல்ல, தோணி. எங்கம்மாகிட்ட நான் சொல்ல மாட்டேன், தோணிக்காரரும் சொல்ல மாட்டாருங்க. நீங்க ஊருக்குப் போயி ஆற அமர யோசிச்சுச் சொல்லுங்க. வேண்டாம்னாலும் ஒண்ணும் தப்பில்லீங்க."

நல்ல வார்த்தைதான். வேறு யாராக இருந்தாலும் நன்றி சொல்லியிருப்பார்கள். மாமா என்னைத் தோணியின் மறுமூக்குக்குத் தள்ளிக்கொண்டு போனார்.

"கேட்டியா? இத்தன நேரம் மாமா மாமான்னான். இப்பப் பெரியவருங்கறான்!"

"நீங்கதானே கூப்பிட வேண்டாம்னீங்க?"

"வேண்டாம்னா உட்டுர்றதா? இது வேற, சாமி. நம்மளக் கழட்டி உடப் பாக்கறான். வேற எங்கயோ பொண்ணு அமைஞ்சிருக்குது. நாமளே வேண்டாம்னு சொல்லணும், இவன் நல்லவனா நிக்கணும். நம்ம புள்ளையையா வேண்டாங்கறான்?"

திரும்பி வந்து சம்மணமிட்டு உட்கார்ந்தார். "சோத்தப் போடுங்க" என்றார், கோர்ட்டில் வழக்குத் தொடுக்கிறவர் குரலில். "நான் கை நனைச்சாச்சு. தோணியில தின்னா என்ன, பாறையில தின்னா என்ன, ஒலை வெச்சது உங்க ஊட்டு அடுப்புல. இனி பின்வாங்கற வேலையெல்லாம் நடக்காதுங்க."

உப்பு ஆபீஸ்காரர் சோறு போட்டார். "சரிங்க மாமா."

மாமா மூன்று நண்டு சாப்பிட்டார். மட்டியை மட்டும் முதலில் முகர்ந்து பார்த்தார். எனக்கான நண்டை உப்பு ஆபீஸ்காரர் உடைத்துக் கொடுத்தார். அதற்குள் தோணி அசைந்தது. தண்ணீர் மெல்லத் திரும்பி மேற்கே, எங்கள் ஊர்த் திசையில் ஓடிற்று. மாமா அதை வெகு நேரம் பார்த்தார். விசாரிக்கிற நிலையில் வயிறு இல்லை.

ஊர் திரும்பியபோது வீட்டு வாசலில் தங்கை காத்திருந்தாள். "யாருங்ண்ணா மொதல்ல கை நனைச்சது?"

"மாமன்."

அவள் ஆச்சரியப்படவில்லை. அதுதான் இன்றுவரை என்னை உறுத்துகிறது. பெண் பார்க்க வந்தவர் அன்று புண்ணாக்கைப் பார்த்த பார்வையையும், தோணியில் இரண்டு பதில்கள் ஒரே மூச்சில் வந்ததையும் சேர்த்து வைத்து, இது நீங்கள் இருவரும் போட்ட திட்டமா என்று கல்யாணத்துக்குப் பின் அவளிடமே கேட்டேன்.

"எனக்கென்னங்ண்ணா தெரியும்?" என்றாள். "நான் தண்ணிச் சொம்புதான குடுத்தேன்."

தண்ணிச் சொம்பு கொடுக்க எவ்வளவு நேரம் ஆகும்? அன்று அவள் எடுத்துக்கொண்ட நேரத்தில் ஒரு குடம் நிரப்பியிருக்கலாம். இதை மாமாவிடம் நான் சொல்லவில்லை. அவர் தம் மருமகளின் கணவரைத் தாம் வசமாகப் பிடித்துவிட்டதாகவே கடைசிவரை நம்பினார். காவேரிக்கு அடுத்தபடியாக அவர் முழுதாக நம்பியது அது ஒன்றைத்தான்.