மணற்கல் சுவரும் அப்பவே அத்தையும்

என் நாத்தனாருக்கு என் பிள்ளைகள் வைத்த பெயர் ‘அப்பவே அத்தை’. பால் பொங்கி வழிந்தாலும் சரி, குடை தொலைந்தாலும் சரி, “நான் அப்பவே சொன்னேன்ல?” என்று இடுப்பில் கை வைத்துக்கொண்டு வந்து நிற்பாள். இதில் எரிச்சல் என்னவென்றால், நிஜமாகவே அப்பவே சொல்லித்தான் இருப்பாள். கல்யாணம் ஏன் செய்துகொள்ளவில்லை என்று யாராவது கேட்டால், “வர்றவனும் நான் சொல்றதைக் கேட்கப் போறதில்ல, அப்புறம் எதுக்கு?” என்பாள்.

அண்ணன் தங்கை இரண்டு பேருக்கும் கொத்துவேலைதான். என் வீட்டுக்காரர் கல் வைப்பார், அவள் சந்து அடைப்பாள். கல்லுக்கும் கல்லுக்கும் நடுவில் இருக்கிற இடுக்கைத்தான் சந்து என்போம். பழைய கலவையைச் சுரண்டி எடுத்து, தண்ணீர் தெளித்து, புதுக் கலவையை மெல்லிய கரண்டியால் உள்ளே தள்ளி அமுக்க வேண்டும். அந்த வேலையில் இருக்கும்போது மட்டும் அவள் வாய் திறக்கவே மாட்டாள். எங்களுக்கெல்லாம் அது ஓய்வு நேரம்.

நாங்கள் இருப்பது மாமனார் கட்டிய வீடு. தெருவைப் பார்த்த நீளச் சுவர் முழுக்க மணற்கல். மாமனார் காலத்துக்குப் பிறகு இடது பாதி எங்களுக்கு, வலது பாதி அவளுக்கு என்று ஆனது. ஒரே சுவர், இரண்டு வாசல். மழைத் தண்ணீர் சந்து வழியாக உள்ளே இறங்கத் தொடங்கியதும் சண்டையும் தொடங்கியது.

“அண்ணே, இந்தக் கல்லுக்கு சிமெண்ட் ஆகாது. சுண்ணாம்புதான். சந்து கல்லைவிடக் கெட்டியா இருந்தா, ஈரம் வெளியேற வழியில்லாம கல்லுதான் கரையும்.”

“நீ எனக்குப் பாடம் எடுக்குறியா? சுண்ணாம்பை வச்சுக்கிட்டு ஈரச்சாக்கு போட்டு, தண்ணி தெளிச்சு, குழந்தை மாதிரி பார்த்துக்கிட்டு உட்கார எனக்கு நேரமில்ல.”

அவர் சிமெண்டை அப்பினார். ஒரு ஞாயிற்றுக்கிழமையில் வேலை முடிந்தது. அவள் தன் பாதிக்குச் சுண்ணாம்பைக் குழைத்து, சாக்குப் போர்த்தி, அதோடு வாரக்கணக்கில் மல்லாடினாள். சில வருஷம் எங்கள் பாதிதான் கோடு போட்ட மாதிரி பளிச்சென்று இருந்தது. தெருவில் போகிறவர்கள் நின்று பாராட்டினால், இவர் வேண்டுமென்றே பக்கத்து வாசலுக்குக் கேட்கிற மாதிரி சிரிப்பார். எனக்கே கூச்சமாக இருக்கும்.

பிறகு கல் உதிர ஆரம்பித்தது. முதலில் மாவு மாதிரி, அப்புறம் ஏடு ஏடாக. சிமெண்ட் அப்படியே இருந்தது. கல் உள்வாங்க உள்வாங்க, சந்துகள் மட்டும் எலும்பு தெரிகிற மாதிரி வெளியே துருத்திக்கொண்டு நின்றன.

இவர் என்ன செய்தார் தெரியுமா? விடிவதற்குள் எழுந்து, தங்கை கதவைத் திறக்கும் முன்பே சுவரடியில் விழுந்த மணலைப் பெருக்கி அள்ளி, கொல்லையில் கொட்டிவிட்டு, ஒன்றுமே தெரியாதவர் மாதிரி வந்து பல் தேய்ப்பார். “அட, அவளுக்குக் கண்ணில்லையா? சுவர் பாதியாயிடுச்சு, மணலைப் பெருக்கி என்ன ஆகப் போகுது? போய் ஒரு வார்த்தை கேளுங்க” என்று நான் கத்தினேன். “அவ சொல்லிக் காட்டுவா” என்றார். பாறை தூக்குகிற மனுஷன், ஒரு சொல்லுக்குப் பயந்தார்.

கடைசியில் ஒருநாள் போனார். பின்னாலேயே நானும் போனேன். அவள் வாசலில் நின்று, தலையைச் சொறிந்துகொண்டு, “அந்தச் சுவரு... நீ வந்து ஒரு தடவை பார்த்தீன்னா...” என்று இழுத்தார். உள்ளேயிருந்து எழுந்து வந்தவள் அவர் முகத்தைப் பார்த்தாள்.

“நான் அப்பவே சொன்னேன்ல?”

அவ்வளவுதான். இவர் திரும்பி நடந்தார். “அண்ணே, இரு, நான்...” என்று அவள் கூப்பிட்டது என் காதில் விழுந்தது. அவர் காதிலும் விழுந்திருக்கும். அதற்குப் பிறகு அவர் அவளிடம் முகம் கொடுத்துப் பேசவில்லை. அவள் வந்தால் எழுந்து உள்ளே போவார். மணல் பெருக்குவதையும் விட்டுவிட்டார்.

அந்த மழைக்காலம் முடிவதற்குள் இவர் போய்விட்டார். நெஞ்சுவலி. சுவருக்கும் அதற்கும் சம்பந்தமில்லை, டாக்டரும் அதைத்தான் சொன்னார், நானும் அவளிடம் நூறு தடவை சொல்லிவிட்டேன். அவள் கேட்டால்தானே!

கொஞ்ச நாள் கழித்து உளியும் சுத்தியலுமாக எங்கள் பாதிக்கு வந்து நின்றாள். சந்துகளில் இருந்த சிமெண்டை, கல்லின் ஓரம் பெயராமல், சின்னச் சின்னதாகத் தட்டி எடுத்தாள். கலவை தூக்க உதவலாம் என்று அவள் கொல்லைக்குப் போனேன். தொட்டி நிறைய நீற்றிய சுண்ணாம்பு, மேலே தண்ணீர் நிற்க, வெண்ணெய் பதத்தில் ஊறிக் கிடந்தது. பக்கத்தில் சல்லடையும், சலித்த மணல் மூட்டைகளும். அந்த மணலின் நிறம் எனக்குத் தெரியும். எங்கள் கொல்லையில் இவர் கொட்டியது.

“இதெல்லாம் எப்போ எடுத்து வச்சே?”

“அண்ணன் பெருக்க ஆரம்பிச்சப்பவே” என்றாள். “அவர் கொட்டிட்டுப் போனதும் அள்ளிக்குவேன். அதே கல்லு மணலைக் கலந்தாத்தான் நிறம் ஒத்துப்போகும். அன்னிக்கு வந்து நின்னாரே, இதைக் காட்டத்தான் அண்ணி எழுந்து வந்தேன். என் பாழாப்போன வாய் முந்திக்கிச்சு.”

திட்டவேண்டும் என்றுதான் வாயைத் திறந்தேன். அழுகைதான் வந்தது. பாவி, ஒரு நிமிஷம் அந்த நாக்கைக் கடித்துக்கொண்டு இருந்திருக்கக்கூடாதா! இந்த மனுஷனாவது ஒரு நிமிஷம் நின்றிருக்கக்கூடாதா!

வேலை பாதி முடிந்திருந்தபோது, இவரோடு முன்பு வேலை பார்த்த மேஸ்திரி அந்த வழியாக வந்தார். சுவரைத் தடவிப் பார்த்தார்.

“அருமையா வருது. உங்கண்ணன்தான் சிமெண்டைப் போட்டுக் கெடுத்துட்டாரு. நீ அப்பவே சொன்னியாமே?”

அவள் கரண்டியைச் சந்திலிருந்து எடுக்கவில்லை.

“யாரு சொன்னா? நான் ஒண்ணும் சொல்லலையே. அப்போ இதெல்லாம் யாருக்குத் தெரியும்? தெரிஞ்சிருந்தா எங்கண்ணன் செஞ்சிருப்பாரா?”

மேஸ்திரி தலையாட்டிவிட்டுப் போனார். அவர் தெருமுனை திரும்பும்வரை அவள் கலவையை அமுக்கிக்கொண்டே இருந்தாள். பிறகு என் பக்கம் திரும்பாமலே கேட்டாள்.

“நான் சொல்லலைதானே, அண்ணி?”

“நீ சொல்லவே இல்லம்மா” என்றேன்.