மாயாபந்தரில் கச்சான்

இன்று காலை மேற்கே காற்று எழும்பியதும் என் வீட்டுக்காரர், "கச்சான் அடிக்குது மேரி, உப்பு வச்ச மீன எல்லாம் வெளிய விரி" என்றார்.

எங்கள் தூத்துக்குடியில் கச்சான் என்றால் தரைமேல் வரும் வறண்ட மேல்காற்று. அது அடித்தால் மீன் சுக்காகக் காயும். நம்பி விரித்தேன்.

இந்த அந்தமான் தீவில் அதே காற்று கடல் தாண்டி வருகிறது. பக்கத்தில் குடியேற்றக்காரர்களின் செட்டில்மெண்ட் வீட்டுப் பெங்காலி அக்கா, "பாரிஷ் ஆயேகா, மச்லி உட்டாவோ!" என்று இந்தியில், மழை வரும் மீனை எடு எனக் கத்துவதற்குள் மழை கொட்டிவிட்டது. போர்ட் பிளேருக்குக் கப்பலேற வேண்டிய மீன் அத்தனையும் ஊறிப்போனது.

"இதானா ஒங்க கச்சான்?" என்றேன்.

"பேரு சரிதான். தீவுதான் காத்துக்குத் தப்பான பக்கத்துல நிக்குது."

மழையோடு வரும் மேல்காற்றுக்கு உங்கள் வீட்டில் வேறு பெயர் இருந்தால் சொல்லுங்கள். இவரிடம் கேட்க எனக்குத் தெம்பில்லை.