இரண்டு கேள்வியை விட்டவன்

வலது கை சோற்றில் இருக்கும், இடது கை மவுஸில் இருக்கும். அறிவழகனுக்கு மதியச் சாப்பாடு இப்படித்தான். திருச்செங்கோட்டில் என் போர்வெல் ரிக் ஆபீசில் ஐந்து வருடமாகப் பில் போடுகிறான். வயது இருபத்தாறு. யாராவது உள்ளே வந்தால் முதலில் எழுந்து நிற்பான், பிறகுதான் யாரென்று பார்ப்பான். போன் அடித்தால் எச்சில் விழுங்கிவிட்டுத்தான் எடுப்பான்.

நான் நாலாம் வகுப்போடு நின்றவன். ஆனாலும் மூன்று ரிக் வண்டி என் பேரில் ஓடுகிறது. ஆயிரத்தைந்நூறு அடி பாறையைத் துளைத்துத் தண்ணீர் காட்டியவன். இவனிடமிருந்து ஒரு சொல்லை எடுக்க என்னாலும் ஆகவில்லை.

கம்ப்யூட்டரில் ஒரு கதை ஆட்டம் செய்கிறான். படம் வரும், கீழே பேச்சு வரும், அடுத்து என்ன செய்வதென்று நாம் மவுஸால் தொட்டுச் சொல்ல வேண்டும். ஒரு வகுப்பறை. யாரோடும் சேராத ஒரு பையன். எதிர்ப் பக்கத்து பெஞ்சில் தெற்றுப்பல்லோடு இலக்கியா என்றொரு பெண். நான் 'பேசு' என்பதைத் தொட்டேன். பையன் வாயைத் திறந்தான், எழுத்து வரவில்லை. மறுபடி தொட்டேன். மணி அடித்துவிட்டது.

"என்ன சாமி, மெசின் ரிப்பேரா?"

"இல்லீங்க மொதலாளி. அவன் அப்படித்தானுங்க."

அறிவழகன் நாமக்கல் பக்கம் விடுதிப் பள்ளியில் படித்தவன். அங்கே பையனும் பெண்ணும் பேசினால் அபராதம். மாதப் பரீட்சை மார்க்குப்படிதான் உட்காரும் வரிசை.

"இலக்கியா எப்பவும் ஆறாவது வரிசைங்க. நல்லா எழுதினா நான் முன்னால போயிருவனுங்க. அதனால தெரிஞ்ச கேள்வியில ரெண்டை உட்டுருவேன்."

இரண்டு வருடம் விட்டானாம். விட்டுப் பழகியவனுக்குப் பொதுத்தேர்விலும் கை அங்கேயே நின்றுவிட்டது. இன்ஜினியர் ஆக வேண்டியவன் எனக்குத் துளைத்த அடிக்கணக்கு எழுதுகிறான்.

"அட கிறுக்கா, வாயத் தொறந்து சொல்லித் தொலைச்சிருக்கலாமே!"

"ஒருக்கா அவங்க இதைப் பார்த்தாப் போதுமுங்க. அதுக்குத்தான் செய்யறேன்."

போன புதன்கிழமை பள்ளிபாளையம் அருணகிரி மகளுக்குக் கல்யாணமென்று பத்திரிகை வைக்க வந்தார். அவர் தோட்டத்தில் போர் போட்டது என் வண்டிதான். மகளும் கூட வந்திருந்தாள். அதே தெற்றுப்பல். அறிவழகன் எழுந்து நின்றவன் உட்காரவே இல்லை.

என் வாய் சும்மா இருக்குமா? "அம்மிணி, இவன் உன்னோட படிச்சவன். கம்ப்யூட்டர்ல என்னமோ செஞ்சு வெச்சிருக்கான், வந்து பாரு" என்றேன்.

"அப்படீங்களா?" அவள் அவனைச் சிரித்த முகமாகத்தான் பார்த்தாள். பார்த்துக்கொண்டே இருந்தாள். பேர் எழுதிக் கொடுப்பதுதானே முறை, ஒரு பத்திரிகைக் கவரையும் பேனாவையும் எடுத்தாள்.

"தப்பா நெனச்சுக்காதீங்க, உங்க பேரு என்னங்க?"

அறிவழகன் திரையை அணைத்தான். அவளிடமிருந்து பேனாவை வாங்கி, கவரின் மேல் தன் கையாலேயே 'ஆபீஸ் ஊழியர்கள்' என்று எழுதிக்கொண்டான்.