மாமாவுக்குக் கொண்டுபோன சோறு

மகள் சாப்பிடுவதைப் போனில் படம் எடுக்கும்போது, அவளுக்குப் பின்னால் என்ன தெரிகிறது என்று இரண்டு முறை பார்ப்பேன். கதவு திறந்திருந்தால் போய்ச் சாத்திவிட்டு வருவேன். கணவர் சிரிப்பார். அவருக்குக் காரணம் சொன்னதில்லை.

அப்போது போர்க்காலம். எனக்கு எட்டு வயது. திருகோணமலைத் துறைமுகத்தை ஒட்டிய ஒழுங்கையில் எங்கள் வீடு. மீன்பிடிக் குடும்பமொன்றின் அன்றாட வாழ்க்கையைப் படமெடுக்கக் கொழும்பிலிருந்து ஒரு அக்கா வந்தார். வேண்டாம் என்றால் ஏன் என்ற கேள்வி வரும் என்று பயந்தே அப்பா சம்மதித்தார். அந்தப் பயத்தின் காரணம் வளவின் பின்பக்கம், வலை வைக்கும் கொட்டிலுக்குள் இருந்தது. அம்மாவின் தம்பி, என் மாமா, இரண்டு மாதமாக அங்கேதான் ஒளிந்திருந்தார். அவரைத் தேடி இருமுறை ஆட்கள் வந்து போயிருந்தார்கள்.

“மாமாவைப் பற்றி வாய் திறக்கக் கூடாது, விளங்கிச்சோ?” என்றார் அம்மா. சொன்ன சொல் கேட்கும் பிள்ளை என்று பெயரெடுத்தவள் நான். தலையாட்டினேன்.

வந்த அக்காவோ ஒன்றுமே கேட்கவில்லை. “நான் இஞ்ச இல்லையெண்டு நினைச்சுக்கொள்ளுங்கோ. ஒவ்வொரு நாளும் செய்யிறதையே செய்யுங்கோ.”

“நீங்கள் இப்பிடிப் பார்த்துக்கொண்டிருந்தா எனக்குக் கிழிஞ்ச வலையைப் பொத்துறதே மறந்துபோகுது, தங்கச்சி” என்றார் அப்பா.

முதல் இரண்டு நாளும் அக்கா பத்து மணிக்கே போய்விட்டார். மூன்றாம் நாள் மதியம்வரை நின்றார். அம்மா குழாயடிக்குப் போயிருந்தார். அப்பா முன்முற்றத்தில் வலையோடு இருந்தார். அது மாமாவின் சாப்பாட்டு நேரம். சோறு கொண்டுபோவது என் வேலை. அக்கா சொன்னது நினைவிருந்தது. அம்மா சொன்னதும்தான். ஆகவே வாயை இறுக மூடிக்கொண்டு, ஒரு கையில் சோற்றுக் கோப்பையும் மறுகையில் பால் விடாத பிளேன்டீயுமாகப் போனேன். கமரா பின்னால் வந்தது. பிளேன்டீயை நிலத்தில் வைத்துவிட்டுக் கதவை இரண்டு தரம் தட்டினேன். இடுக்கால் ஒரு கை நீண்டு கோப்பையை வாங்கியது.

திரும்பினால் அம்மா வாளியோடு நின்றார். வாளித் தண்ணீர் ஆடிக்கொண்டேயிருந்தது.

“பூனை ஒண்டு குட்டி போட்டிருக்கு, பிள்ளை. அதுக்குத்தான்” என்றார் அக்காவிடம்.

அக்கா நிலத்திலிருந்த பிளேன்டீயைப் பார்த்தார். கமராவை இறக்கினார். வெளிக்கிடும்போது மட்டும், “பூனையைக் கவனமாப் பாருங்கோ” என்றார்.

அது மிரட்டலா, இரக்கமா என்று அப்பாவும் அம்மாவும் புரட்டிப் புரட்டிப் பார்த்தார்கள். அம்மா என்னை அடிக்கவில்லை. அது அடியைவிடப் பயமாக இருந்தது. அன்று பின்னேரமே அப்பா மாமாவைத் தம்பலகாமத்து உறவினர் வீட்டுக்கு பஸ்ஸில் கூட்டிக்கொண்டு போனார். வழியில் பஸ்ஸை மறித்தார்கள். அப்பா மட்டும் திரும்பி வந்தார். மாமா இன்றுவரை வரவில்லை.

அந்தப் படத்தைப் போன வருடம்தான் பார்த்தேன். கோப்பையோடு ஒரு சிறுமி முற்றத்தைக் கடக்கிறாள். கொட்டில் வருமுன்பே காட்சி மாறி, துறைமுகத்தில் தோணிகள் அசைகின்றன. அக்கா அந்தக் கையை யாருக்கும் காட்டவில்லை. மாமாவை அனுப்பாமல் விட்டிருக்கலாமோ என்று நினைப்பேன். மூன்றாம் முறையும் தேடி வந்திருப்பார்களோ என்றும் நினைப்பேன்.

மாமா போன மறுநாள் மதியமும் அம்மா சோறு போட்டு என் கையில் தந்தார். கொண்டுபோய்க் கதவை இரண்டு தரம் தட்டினேன். உள்ளே ஆளில்லை என்று தெரிந்தும் ஏன் தந்தார் என்று எனக்கு விளங்கவில்லை. சோறு ஆறும்வரை அங்கேயே நின்றேன்.